கத்தி எந்தக் கையில்?

(தலைப்பு: கல்கியின் சரித்திரக் கதைகள் பெரிதும் சிறப்பது ஏட்டிலா, திரையிலா? ‘ஏட்டிலே’ அணியின் உரை)

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, அவையோரே, வணக்கம்.

எதிரணித் தலைவர் பேசும்போது அரங்கில் விசில் பறந்தது. மணிரத்னம் பெயருக்கு ஒன்று, ரகுமான் பெயருக்கு இரண்டு. கதையை எழுதியவர் பெயருக்கு ஒன்றுமில்லை! வழக்கு என்னவென்று அங்கேயே தெரிந்துவிட்டது.

கல்கி சினிமாவின் பகைவர் அல்லர். ‘மீரா’ படத்துக்கு எழுதியவர். 1939-இல் ‘தியாகபூமி’ விகடனில் தொடராக வந்தபோது படக்காட்சிகளே சித்திரங்களாக அச்சாயின. அந்தப் படத்தை வெள்ளையர் ஆட்சி தடை செய்தது. கதை இன்றும் கடையில் கிடைக்கிறது.

சரித்திரக் கதைக்கு வருகிறேன். ‘பார்த்திபன் கனவு’ நாவலில் ஒரு சிவனடியார் வருகிறார். யார் இவர், யார் இவர் என்று வாரக்கணக்கில் வாசகரைக் காக்கவைத்தார் கல்கி. 1960-இல் படம் வந்தது. அடியார் வேடத்தில் திரிந்த அந்த நரசிம்ம பல்லவராக எஸ்.வி.ரங்காராவ். மகா நடிகர், மறுக்கவில்லை. ஆனால் ரங்காராவின் குரலை எந்தத் தாடி ஐயா மறைக்கும்?

இனி ‘பொன்னியின் செல்வன்’. சோழப் பட்டத்து இளவரசன் ஆதித்த கரிகாலனைக் கொன்றது யார்? சோழர் காலத்து உடையார்குடிக் கல்வெட்டு ரவிதாசன் முதலான சகோதரர்களைத் துரோகிகள் என்கிறது. எப்படிக் கொன்றார்கள், பின்னால் யார் இருந்தார்கள் என்பதற்கு விடை இல்லை. அந்த இருட்டுக்குள்தான் கல்கி நாவலை நடத்துகிறார். கடம்பூர் மாளிகையில் விளக்கு அணைகிறது, கரிகாலன் விழுகிறான். பழி அவன் நண்பன் வந்தியத்தேவன் மேல். அவனைக் காப்பாற்ற, அவனை விரும்பும் மணிமேகலை, கொன்றது நானே என்கிறாள். முதிய சிற்றரசர் பெரிய பழுவேட்டரையர் தன் கைதான் என்று சொல்லி உயிரையே விடுகிறார். கடைசிப் பக்கத்தை மூடிய பிறகும் வீட்டுக்கு வீடு வாதம் ஓயவில்லை. கரிகாலனைப் பழிவாங்கக் காத்திருந்த நந்தினிதான் கொன்றாள் என்பது என் மாமியார் கட்சி. நான் எதிர்த்துப் பேசுவதில்லை. அது வேறு பட்டிமன்றம்.

திரை என்ன செய்தது? கேமரா முன்னால் யாராவது ஒருவர் கத்தியைப் பிடித்தே ஆகவேண்டும். பிடித்தார்கள். முடிந்தது. கல்வெட்டே திறந்து விட்டிருந்த கதவைத் திரை சாத்திவிட்டது. அந்த மணிமேகலை எங்கே? படத்திலேயே இல்லை! சேந்தன் அமுதன் இருக்கிறான். ஆனால் அவனே சோழ அரச குலத்தில் பிறந்தவன் என்ற இரகசியம் போய்விட்டது. அது போனதும், முடிசூட்டு விழாவில் கரிகாலனின் தம்பி அருண்மொழி கிரீடத்தை யார் தலையில் வைக்கப்போகிறான் என்ற திகைப்பும் போய்விட்டது. ஐந்து பாகத்தை இரண்டு படத்தில் அடக்கினால் வேறென்ன ஆகும்? இயக்குநரைக் குறை சொல்லவில்லை. அவர் கையிலிருந்த கருவியின் எல்லை அது.

“இளைஞரிடம் கல்கியைச் சேர்த்தது சினிமா” என்றார்கள். தொடர் முடிந்தது 1954-இல். முதல் படம் 2022-இல். இடையில் 68 ஆண்டு! எம்.ஜி.ஆரே படமாக்க விரும்பி, முடியாமல் போன கதை இது. அத்தனை காலமும் அதைச் சுமந்தது எந்தப் புரொஜக்டர்? பத்திரிகையிலிருந்து கிழித்துப் பைண்டு செய்து வைத்த தாத்தாக்களும், தொடருக்குப் படம் வரைந்த மணியத்தின் ஓவியத்தைப் பார்த்தே வந்தியத்தேவனைக் காதலித்த பாட்டிகளும்தான்.

“படம் வந்தபின் புத்தகம் நன்றாக விற்றதே!” என்று கடைசி அம்பையும் விட்டார்கள். நன்றி. டிக்கெட் வாங்கி, இரண்டு பாகத்தையும் முழுசாகப் பார்த்துவிட்டு வந்தவர், மறுநாள் ஐந்து பாகத்தைத் தேடிக் கடைக்கு ஏன் போனார், நடுவர் அவர்களே? எதிரணியே பதில் சொல்லட்டும்.