ஜூடி டென்ச் 60 வயது வரை எங்கே இருந்தார்?

போன தடவை வந்த கேள்விகளில் ஒன்று என்னை விடவே இல்லை. "ஜூடி டென்ச் 60 வயதுக்கு மேல்தானே பிரபலமானார்? அதுவரை என்ன செய்துகொண்டிருந்தார்? வாய்ப்பே கிடைக்கவில்லையா?" என்று இந்த பிரிட்டிஷ் நடிகையைப் பற்றி ஒரு நேயர் கேட்டிருக்கிறார்.

சினிமாவை மட்டும் பார்த்தால் அப்படித்தான் தோன்றும். 1934 டிசம்பரில் யார்க் நகரில் பிறந்தவர். ஜேம்ஸ் பாண்டுக்கு உத்தரவு போடும் 'எம்' ஆக 'கோல்டன் ஐ' படத்தில் வந்தது 1995-இல். ஆஸ்கருக்கு 8 முறை பரிந்துரைக்கப்பட்டிருக்கிறார், எட்டும் அதற்குப் பிறகுதான். முதலாவது 'மிஸஸ் பிரவுன்', விக்டோரியா மகாராணி வேடம். பிபிசி தொலைக்காட்சிக்காக எடுத்த அந்தப் படம் தியேட்டருக்கு வந்து அவரை உலகம் முழுக்கக் கொண்டுபோனது.

இங்கே தொடர்ந்து வருகிறவர்களுக்கு அடுத்து நான் எங்கே போவேன் என்று தெரியும். மேடைக்குத்தான். 1957-இல் லண்டன் ஓல்ட் விக் நாடகக் குழுவில், ஷேக்ஸ்பியரின் 'ஹாம்லெட்' நாடகத்தில் ஒஃபீலியாவாகத் தொடங்கினார். இன்றைக்கு ஒரு நாடகம், நாளைக்கு வேறொன்று என்று மாறி மாறிப் போடுகிற குழு அது. நாலைந்து நாடகங்களின் வசனம் ஒரே சமயத்தில் நாக்கு நுனியில் நிற்க வேண்டும். அவரும் கணவர் மைக்கேல் வில்லியம்ஸும் ஷேக்ஸ்பியருக்கு வைத்த செல்லப் பெயரே 'வீட்டு வாடகை கட்டுகிற மனுஷன்' என்பதுதான். இளம் வயதில் சினிமாவுக்காகப் பார்க்கப் போனபோது, அவர் முகத்தில் எதுவுமே சரியில்லை என்று ஒருவர் நேரிலேயே சொல்லியிருக்கிறார். அதைக் கேட்டு அவர் முடங்கவில்லை. நடிப்பதற்கு அவருக்கு மேடை இருந்தது.

1976-இல், ஷேக்ஸ்பியர் பிறந்த ஊரான ஸ்ட்ராட்ஃபோர்டில் அவருடைய 'மெக்பெத்' நாடகத்தைப் போட்டார்கள். ட்ரெவர் நன் இயக்கம், இயன் மெக்கெல்லன் மெக்பெத், ஜூடி டென்ச் அவன் மனைவி லேடி மெக்பெத். தகரக் கொட்டகை மாதிரி ஒரு சின்ன அரங்கம், பார்வையாளர்கள் மிக அருகில். அப்புறம் அதைத் தொலைக்காட்சிக்காகவும் பதிவு செய்தார்கள். தூக்கத்தில் நடக்கும் காட்சியில், போகாத ரத்தக் கறையைப் போக்குவது போலக் கையைத் தேய்த்துக்கொண்டே வந்தவர், திடீரென்று ஒரு ஓலம் எழுப்புவார். மூச்சு தீர்ந்த பிறகும் அது நிற்காது போல இருக்கும். சினிமாக்காரர்கள் 60 வயதுக்கு மேல் கண்டுபிடித்தது இந்தப் பெண்ணைத்தான்.

'ஷேக்ஸ்பியர் இன் லவ்' படத்தை எடுத்துக்கொள்ளுங்கள். எலிசபெத் அரசியாக அவர் திரையில் இருப்பது பத்து நிமிடம்கூட இல்லை, அதற்கு ஆஸ்கர் கொடுத்தார்கள். அது அநியாயம் என்பவர்கள் உண்டு, எனக்கு அப்படித் தோன்றவில்லை. கடைசியில் அரசி வண்டி ஏறப் போகிறார், வழியில் சேற்றுத் தண்ணீர். சட்டென்று மேலங்கியை விரித்துப் போட வேண்டிய பிரபுக்கள் தயங்கி நிற்கிறார்கள். ஒரு கணம் பார்க்கிறார். பிறகு, இனிமேல் எதற்கு என்கிற மாதிரி, அந்தத் தண்ணீரிலேயே சளக் சளக்கென்று நடந்துபோய்விடுகிறார். ஒரு மகாராணியின் அதிகாரமும் அலுப்பும் நாலு அடி நடையில் வந்துவிடுகிறது. பல வருடம் மேடையில் அரசிகளாக நடந்த கால்கள் அவை.

சரி, எனக்கு இதைவிட ஆசையான கேள்வி ஒன்று இருக்கிறது. கண் தெரியாமல் போன பிறகு அவர் எப்படி நடித்தார்? விழித்திரையின் நடுப்பகுதி தேயும் நோய் தனக்கு இருப்பதை 2012-இல் வெளியே சொன்னார். ஓரப் பார்வை இருக்கும், நேரே பார்க்கும் எழுத்தும் முகமும் மங்கிப்போகும். ஸ்கிரிப்டைப் படிக்க முடியாது. என்ன செய்தார் என்றால், நண்பர்களைத் திரும்பத் திரும்ப வாசிக்கச் சொல்லிக் காதால் கேட்டே பாடம் செய்தார். அப்படியும் 'ஃபிலோமினா' வந்தது, 'விக்டோரியா அண்ட் அப்துல்' வந்தது, 'பெல்ஃபாஸ்ட்' வந்தது. 'பெல்ஃபாஸ்ட்' படத்துக்கு ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தபோது வயது 87.

2023-இல் ஒரு தொலைக்காட்சி அரட்டை நிகழ்ச்சியில், 88 வயதில், ஷேக்ஸ்பியரின் 29-ஆவது சானெட்டை, அதாவது பதினான்கு வரிக் கவிதையை, முழுசாகச் சொன்னார். கையில் தாள் கிடையாது. ஓல்ட் விக்கில் வாங்கிய பயிற்சி அப்போதும் நாக்கில் இருந்தது. அதனால்தான் 'அதுவரை என்ன செய்தார்' என்ற கேள்விக்கு நான் மறுபடி மறுபடி மேடையையே காட்டுகிறேன்.

கேள்வி கேட்ட நேயர் அந்தப் பழைய 'மெக்பெத்' பதிவை முதலில் பாருங்கள், உடனே 'மிஸஸ் பிரவுன்' பாருங்கள். பாண்ட் படங்களை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்.