‘என்பாரும் உளர்’

அவையோர் அனைவருக்கும் வணக்கம்.

விக்கிப்பீடியாவில் எந்தக் கட்டுரையைத் திறந்தாலும் அதன் மேற்புறத்தில் ‘உரையாடல்’ என்றொரு சிறு இணைப்பு இருக்கும். கட்டுரையைப் படிக்க வருகிறவர்களில் மிகப் பலர் அதை அழுத்திப் பார்ப்பதில்லை. கட்டுரையில் ஒரே வாக்கியமாக அமைதியாய் நிற்கும் செய்தி, அந்தப் பக்கத்தில் மாதக்கணக்கான வழக்காக, சில வேளைகளில் ஆண்டுக்கணக்கான பூசலாகக் கிடக்கும். அத்தகைய பூசல்களுள் இரண்டு வகைகளைப் பற்றி இன்று பேச விரும்புகிறேன். ஒன்று, கணினிக்கு ஆணையிட நாம் எழுதும் நிரல்மொழிகளைப் பற்றியது. மற்றொன்று, ஓர் இலக்கியத்தை உண்மையில் எழுதியவர் யார் என்னும் ஐயத்தைப் பற்றியது. தொடர்பில்லாத இரண்டை முடிச்சுப் போடுவதாகத் தோன்றலாம். கலைக்களஞ்சியத்தின் ஒரே விதி இவ்விரண்டிலும் நேர் எதிரான சங்கடங்களை உண்டாக்குகிறது. இரண்டையும் அருகருகே வைத்துப் பார்த்தபோதுதான் அந்த விதி நம்மிடம் என்ன கேட்கிறது என்பது எனக்கு விளங்கியது.

ஆங்கிலத்தில் 2001ஆம் ஆண்டிலும் தமிழில் 2003ஆம் ஆண்டிலும் தொடங்கிய விக்கிப்பீடியாவில் யார் வேண்டுமானாலும் எழுதலாம். எழுதுகிறவர் பேராசிரியரா, பள்ளி மாணவரா என்று வாசகருக்குத் தெரியாது. ஆகையால் எழுதுகிறவரின் தகுதி எடுபடாது. அவர் காட்டும் சான்றுதான் எடுபடும். இதை மெய்யறிதன்மை என்கிறோம். ஒரு செய்தியைச் சேர்ப்பதற்கான அளவுகோல் அது உண்மையா என்பதன்று, சரிபார்க்க முடிகிறதா என்பதே என்ற பொருள்படும் வாசகம் ஆங்கில விக்கிப்பீடியாவின் கொள்கைப் பக்கத்தில் பல ஆண்டுகள் முதலிடத்தில் நின்றது. உண்மையைப் பற்றி இவர்களுக்குக் கவலையில்லை போலும் என்று பலரும் பிழையாகப் புரிந்துகொண்டதால், நீண்ட விவாதத்துக்குப் பின் 2012இல் அது முகப்பிலிருந்து அகற்றப்பட்டது. இதற்குத் துணையாக நிற்பது நடுநிலை நோக்கு. நடுநிலை என்றால் எல்லாக் கருத்துக்கும் சம இடம் என்று பொருளில்லை. பெரும்பான்மை அறிஞர் கருத்தென்றால் எல்லோரும் ஒப்பும் நூல்களிலேயே அதற்குச் சான்று கிடைக்கும். கணிசமான சிறுபான்மைக் கருத்தென்றால் அதைச் சொல்கிற புகழ்பெற்றவர்களைப் பெயர் சுட்டிக் காட்டமுடியும். மிகச் சிலரே கொண்டிருக்கும் கருத்துக்கு அங்கு இடமில்லை என்று, நிறுவனர்களுள் ஒருவரான ஜிம்மி வேல்ஸ் 2003இல் விளக்கினார்.

தமிழ் படித்தவர்களுக்கு இது புதிய செய்தியாக இருக்க வேண்டியதில்லை. தொல்காப்பியர் நூற்பாவுக்கு நூற்பா ‘என்மனார் புலவர்’ என்று சொல்லிச் செல்கிறார். தாம் சொல்வதைத் தமக்கு முன்னிருந்த புலவர்மேல் ஏற்றிச் சொல்லும் முறை அது. உரையாசிரியர்களோ தமக்கு உடன்பாடில்லாத உரையைச் சொல்லிவிட்டு, ‘என்பாரும் உளர்’ என்ற இரண்டு சொற்களால் அதற்குரிய இடத்தை அளந்து கொடுத்துவிடுவார்கள். மறைக்கவும் இல்லை, உயர்த்திப் பிடிக்கவும் இல்லை. எந்தக் கருத்துக்கு ‘என்மனார் புலவர்’, எந்தக் கருத்துக்கு ‘என்பாரும் உளர்’, எதற்கு அதுவும் இல்லை என்பதுதான் உரையாடல் பக்கங்களில் நடக்கும் வழக்குகளின் சாரம்.

ஷேக்ஸ்பியரை எடுத்துக்கொள்வோம். ஸ்ட்ராட்ஃபோர்டில் பிறந்து 1616இல் இறந்த வில்லியம் ஷேக்ஸ்பியர் அந்த நாடகங்களை எழுதவில்லை, வேறொருவர் அவர் பெயருக்குப் பின்னால் மறைந்திருந்தார் என்ற வாதம் பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுவில் வலுப்பெற்றது. அமெரிக்காவைச் சேர்ந்த டிலியா பேக்கன் 1857இல் இதற்கென ஒரு பெரிய நூலையே வெளியிட்டார். 1920இல் ஆங்கிலேயப் பள்ளி ஆசிரியர் தாமஸ் லூனி, ஆக்ஸ்ஃபோர்டின் பதினேழாம் பிரபுவான எட்வர்ட் டி வேர்தான் உண்மை ஆசிரியர் என்றார். அந்தப் பிரபு 1604இல் இறந்துவிட்டார். ‘மக்பெத்’, ‘தி டெம்பெஸ்ட்’ போன்ற நாடகங்களை அறிஞர்கள் அதற்குப் பிந்தியவை என்றே கணிக்கிறார்கள். ஆனாலும் நாடகங்களின் காலத்தை முன்தள்ளி அந்த வாதம் இன்றுவரை தொடர்கிறது. மறுபுறத்தில் இருப்பவை ஆவணங்கள். ஷேக்ஸ்பியர் தம் விருப்ப ஆவணத்தில் ஹெமிங்ஸ், காண்டெல் என்னும் சக நடிகர்களுக்கு மோதிரம் வாங்கப் பணம் ஒதுக்கினார். அதே இருவர்தாம் அவர் இறந்து ஏழு ஆண்டுகள் கழித்து, 1623இல், முப்பத்தாறு நாடகங்களைத் தொகுத்து அவர் பெயரில் வெளியிட்டார்கள். அவற்றில் பாதி அதற்குமுன் அச்சேறாதவை. அந்தத் தொகுப்பின் முகப்பில் பென் ஜான்சன் பாடிய புகழ்ப்பா, அவரை ‘ஏவன் ஆற்றின் அன்னம்’ என்று விளிக்கிறது. ஏவன் ஸ்ட்ராட்ஃபோர்டின் ஆறு.

இந்த ஐயத்தைப் பற்றிய விக்கிப்பீடியாக் கட்டுரையில் சிக்கல் சான்று இல்லாமையால் வரவில்லை, சான்று என்று காட்டப்படுபவை அளவுக்கு மீறி இருந்ததால் வந்தது. நூற்றைம்பது ஆண்டுகளில் ஐயவாதிகள் எழுதிக் குவித்த நூல்கள் ஒரு நூலகத்தையே நிரப்பும். ‘நூல் இருக்கிறது, பக்க எண் இருக்கிறது, ஏன் சேர்க்கக் கூடாது?’ என்ற கேள்விக்கு உரையாடல் பக்கத்தில் மீண்டும் மீண்டும் விடை சொல்ல வேண்டியிருந்தது. பூசல் முற்றி 2011இன் தொடக்கத்தில் விக்கிப்பீடியாவின் நடுவர் குழுவரை சென்றது. அந்தக் குழு ஷேக்ஸ்பியர் யார் என்று தீர்ப்புச் சொல்லவில்லை. சொல்வது அதன் வேலையும் இல்லை. தொகுப்பவர்கள் நடந்துகொண்ட விதத்தை மட்டும் விசாரித்து, அந்தத் தலைப்பில் கட்டுப்பாடுகளை விதித்தது. அதே ஆண்டில் அந்தக் கட்டுரை சிறப்புக் கட்டுரை என்ற தகுதியையும் பெற்றது. இதை நான் பெரிய சாதனையாகவே கருதுகிறேன். ஐயவாதிகளின் நூல்களைக் கொண்டு ஐயத்தை நிறுவுவதும், எதிர்நூல்களைக் கொண்டு மறுப்பதுமாக இழுபட்ட கட்டுரை, அந்த ஐயம் எப்போது, ஏன் பிறந்தது, யாரிடம் எப்படிப் பரவியது என்னும் வரலாறாக மாறியபோதுதான் நிலைத்தது. அப்படி எழுதுவதற்கு, ஐயத்தையே ஆராய்ச்சிப் பொருளாக எடுத்துக்கொண்ட கல்வியாளர்களின் நூல்கள் தேவைப்பட்டன. கொலம்பியா பல்கலைக்கழகப் பேராசிரியர் ஜேம்ஸ் ஷாபிரோ 2010இல் வெளியிட்ட நூல் அவற்றுள் ஒன்று.

இதற்குள் இன்னொரு நுட்பமும் இருக்கிறது. ஷேக்ஸ்பியரின் நாடகங்களில் பிறர் கை உண்டு என்பதை அறிஞர்களே ஒப்புக்கொள்கிறார்கள். கடைசிக்கால நாடகங்கள் சிலவற்றை ஜான் ஃபிளெட்சருடன் சேர்ந்து எழுதினார் என்பது பொதுவாக ஏற்கப்பட்ட முடிவு. 2016இல் ஆக்ஸ்ஃபோர்டு வெளியிட்ட பதிப்பு, ஆறாம் ஹென்றி பற்றிய மூன்று நாடகங்களிலும் கிறிஸ்டோபர் மார்லோவின் பெயரை இணையாசிரியராக அச்சிட்டது. அதை ஏற்காத அறிஞர்களும் இருக்கிறார்கள். இது உயிருள்ள ஆய்வுச் சிக்கல்; இங்கே ‘என்பாரும் உளர்’ என்று இரு தரப்பையும் பெயர் சொல்லி எழுதுவதே முறை. மறைந்திருந்த பிரபு என்னும் கதையோடு இதைக் குழப்பி, ‘பார்த்தீர்களா, ஆசிரியர் யார் என்பதில் அறிஞர்களுக்கே ஐயம்’ என்று எழுத முயல்கிறவரைத் தடுத்து நிறுத்த, தொகுப்பவருக்கு ஓரளவாவது துறையறிவு வேண்டும். கொள்கையை மனப்பாடம் செய்திருப்பது மட்டும் போதாது.

நிரல்மொழிகளுக்கு வந்தால் நிலைமை தலைகீழாகிவிடுகிறது. இங்கே அறிந்தவர்கள் ஏராளம். அச்சில் இருப்பதோ சொற்பம். 2011ஆம் ஆண்டில் ஆங்கில விக்கிப்பீடியாவில் போலந்தின் விரோட்ஸ்வாஃப் பல்கலைக்கழகத்தில் பிறந்த நெமர்லே, ஜெர்மனியின் சார்லாந்து பல்கலைக்கழகத்தில் பிறந்த ஆலிஸ் எம்எல் உள்ளிட்ட சில மொழிகளின் கட்டுரைகளை நீக்கலாம் என்ற முன்மொழிவு எழுந்தது. காரணம், குறிப்பிடத்தக்கமை. ஒரு பொருளைப் பற்றி அதனோடு தொடர்பில்லாத பிறர் விரிவாக எழுதியிருந்தால்தான் அதற்குக் கட்டுரை என்பது பொது விதி. இந்த மொழிகளைப் பற்றிய ஆய்வுக் கட்டுரைகளில் பெரும்பாலானவற்றை எழுதியவர்கள் அவற்றை உருவாக்கியவர்களே. கணினி அறிவியலில் முக்கியமான ஆய்வுகள் நூலாவதைவிட மாநாட்டுக் கட்டுரைகளாக வெளிவருவதே வழக்கம் என்பது வெளியிலிருந்து பார்ப்பவருக்குப் புரிவதில்லை. அந்த மொழிகளைப் பயன்படுத்துவோர் திரண்டு வந்து கொதித்தார்கள். அவர்களுடைய கோபம் நியாயமானது; அவர்கள் சொன்ன காரணங்களில் பல பயனற்றவை. ‘நான் இதைப் பயன்படுத்துகிறேன்’ என்று நூறு பேர் சொன்னாலும் அது சான்றாகாது, ஏனென்றால் உரையாடல் பக்கத்தில் முடிவு எண்ணிக்கையால் எடுக்கப்படுவதில்லை. வைக்கப்படும் காரணத்தின் வலுவால் எட்டப்படும் இணக்க முடிவு அது. ‘இன்ன மாநாட்டில் இன்ன குழுவினர் இந்த மொழியை மற்றொன்றோடு ஒப்பிட்டு ஆராய்ந்திருக்கிறார்கள்’ என்று ஒருவர் எடுத்துக் காட்டினால் அந்த ஒருவரின் சொல்லே போதும். இரண்டு மொழிகளுக்கும் இன்று கட்டுரைகள் இருக்கின்றன.

இந்த வலியை நானும் அறிவேன். பத்தாண்டுகளுக்கு மேல் ஒரு நிரல்மொழியில் வேலை செய்த துணிவில், தமிழ் விக்கிப்பீடியாவில் அதைப் பற்றி ஒரு பத்தி எழுதினேன். மறுநாள் பார்த்தால் ‘சான்று தேவை’ என்ற குறிப்பு அதன் பக்கத்தில் நின்றது. நாள்தோறும் கையாளும் பொருளுக்குச் சான்றா என்று மனம் சுருங்கியது. அன்று மாலை கையேட்டைப் புரட்டித் தேடியபோது, நான் எழுதியது அந்த மொழியின் பழைய பதிப்புக்கு மட்டுமே பொருந்தும் என்று கண்டேன்.

வகைப்படுத்துவதில் வரும் பூசல்கள் இன்னும் நுட்பமானவை. எண், எழுத்து முதலிய தரவு வகைகளில் ஒரு மொழி காட்டும் கண்டிப்பை ‘ஸ்ட்ராங்லி டைப்டு’ என்று நிரலாளர்கள் சொல்வதை எடுத்துக்கொள்ளுங்கள். மேற்கோள் குறிக்குள் எழுத்தாக இருக்கும் 3ஐயும் எண்ணாக இருக்கும் 4ஐயும் கூட்டச் சொன்னால், பைத்தான் மறுத்துப் பிழை காட்டும். ஜாவாஸ்கிரிப்ட் மறுக்காமல் இரண்டையும் ஒட்டி 34 என்று தரும். இதை வைத்து முன்னதைக் கண்டிப்பானது, பின்னதைத் தளர்வானது என்பார்கள். அப்படியானால் சி மொழி எந்தப் பக்கம்? ஒவ்வொரு மாறியின் வகையையும் முன்கூட்டியே அறிவிக்கச் சொல்கிறது, ஆகவே கண்டிப்பானது என்று ஒருவர் எழுத, ஒரு வகையை மற்றொன்றாக நடத்த அது எளிதாக விட்டுக்கொடுக்கிறது, ஆகவே தளர்வானது என்று மற்றொருவர் மாற்றுவார். இருவரும் மெய்யாகவே அறிந்தவர்கள். இருவரும் வேறு வேறு வரையறைகளைக் கையில் வைத்துக்கொண்டு வாதிடுகிறார்கள். பார்பரா லிஸ்கோவும் ஸ்டீபன் சில்ஸும் 1974இல் ஒரு வரையறை தந்தார்கள். சி மொழியைப் படைத்த டெனிஸ் ரிட்சியும் அவருடன் நூல் எழுதிய பிரையன் கெர்னிகனும், தங்கள் நூலின் 1988ஆம் ஆண்டுப் பதிப்பில், சி கண்டிப்பான வகை கொண்ட மொழியன்று, ஆனால் வளர வளர அதன் வகைச் சோதனை இறுகி வந்திருக்கிறது என்ற பொருளில் எழுதினார்கள். இந்தச் சொற்களுக்கு எல்லோரும் ஒப்பும் வரையறை கிடையாது என்று ஆங்கிலக் கட்டுரை தொடக்கத்திலேயே சொல்லிவிட்டு, யார் எதை எப்பொருளில் சொன்னார்கள் என்று எடுத்துரைக்கிறது. ‘என்மனார் புலவர்’ என்று முடிக்க முடியாத இடத்தில் புலவர்களின் பெயர்களைத் தனித்தனியே சொல்வதுதான் வழி.

ஒரு நிரல்மொழிக்கு ஆசிரியர் யார் என்ற கேள்வியும் எழுவதுண்டு. வணிகக் கணக்குகளுக்காக உருவான கோபோல் மொழியின் தாய் என்று அமெரிக்கக் கணினி அறிஞர் கிரேஸ் ஹாப்பரை உலகம் அழைக்கிறது. அவர் உருவாக்கிய மொழி ஒன்று கோபோலுக்கு வழிகாட்டியது உண்மை. ஆனால் 1959இல் அதன் வடிவத்தை அமைத்த ஆறுபேர் குழுவில் அவர் இல்லை. அந்தக் குழுவில் இருந்த ஜீன் சாமெட் அந்தப் பட்டத்தை வெளிப்படையாகவே மறுத்தார்.

இந்த இரண்டு வகைப் பூசலும் ஒரே ஆளிடம் வந்து சேர்கின்றன. அவர் பத்தொன்பதாம் நூற்றாண்டு ஆங்கிலேயப் பெண்மணி ஏடா லவ்லேஸ். ஆங்கிலேயக் கணித அறிஞர் சார்லஸ் பாபேஜ் திட்டமிட்ட, கணினியின் முன்னோடியான பகுப்புப் பொறியைப் பற்றி இத்தாலியரான மெனப்ரியா 1842இல் பிரெஞ்சு மொழியில் எழுதிய கட்டுரையை ஏடா ஆங்கிலத்தில் பெயர்த்து, மூலத்தைவிட ஏறத்தாழ மூன்று மடங்கு நீளமான குறிப்புகளைச் சேர்த்து 1843இல் வெளியிட்டார். ஏழாவது குறிப்பில், பெர்னூலி எண்கள் என்னும் கணித எண்வரிசையைப் பொறி கணக்கிடவேண்டிய முறை படிப்படியாக அட்டவணையில் தரப்பட்டுள்ளது. அதை வைத்தே அவரை உலகின் முதல் நிரலாளர் என்கிறார்கள். ஆனால் பாபேஜ் 1864இல் தம் வாழ்க்கை நினைவுகளில், குறிப்புகளின் கணித ஆக்கம் ஏடாவுடையது, பெர்னூலி எண்கள் பற்றிய பகுதியை மட்டும் அவருக்கு உழைப்பு மிச்சமாகட்டும் என்று தாம் செய்து கொடுத்ததாகவும், அதில் தாம் செய்த பெரும்பிழையைக் கண்டுபிடித்து ஏடா திருப்பி அனுப்பியதாகவும் எழுதினார். பாபேஜின் தாள்களை ஆராய்ந்த கணினி வரலாற்றாளர் ஆலன் ப்ராம்லி, குறிப்புகளில் உள்ள நிரல்கள் ஒன்றைத் தவிர எல்லாம் பாபேஜ் சில ஆண்டுகள் முன்பே ஆயத்தம் செய்தவை, அந்த ஒன்றும் அவர் செய்து கொடுத்ததே என்றார். பெர்னூலி எண்களை ஒரு குறிப்பில் சேர்க்க விரும்புவதாக ஏடாவே 1843 ஜூலையில் பாபேஜுக்கு எழுதிய கடிதம் மறுபுறத்தில் இருக்கிறது. பாபேஜின் முந்தைய நிரல்கள் எதுவும் அந்த அளவு சிக்கலானதன்று என்று வாதிடும் ஆய்வாளர்களும் இருக்கிறார்கள். ஏடாவுக்குக் கணிதமே போதாது என்ற பழைய குற்றச்சாட்டை, கணித அறிஞர் டி மார்கனிடம் அவர் அஞ்சல்வழிக் கணிதம் பயின்ற கடிதங்களை ஆராய்ந்த மூவர் 2017இல் வெளியிட்ட ஆய்வு பெரிதும் தகர்த்தது. பொறி எண்களைத் தாண்டி இசையையும் ஆக்கக்கூடும் என்று கண்ட பார்வை ஏடாவுடையது என்பதை ஐயவாதிகள் சிலரும் ஒப்புக்கொள்கிறார்கள்.

அமெரிக்கப் பாதுகாப்புத் துறைக்காக உருவான நிரல்மொழிக்கு ஏடா என்று பெயரிட்டு, அதன் தர ஆவணத்துக்கு அவர் பிறந்த ஆண்டான 1815ஐயே எண்ணாகக் கொடுத்து, அவருடைய பிறந்தநாளான 1980 டிசம்பர் 10இல் ஏற்பளித்தார்கள். அந்த மொழியைப் பற்றிய ஆங்கிலக் கட்டுரை, முதல் நிரலாளர் என்ற பெருமை அளிக்கப்பட்டவரான ஏடாவின் பெயர் இதற்குச் சூட்டப்பட்டது என்கிறது. ‘அளிக்கப்பட்டவர்’ என்ற சொல்லைக் கவனியுங்கள்; பாபேஜின் நினைவுக் குறிப்பும், ப்ராம்லியின் மறுப்பும், ஜூலை மாதத்துக் கடிதமும் அந்த ஒரு சொல்லுக்குள் அடங்கியிருக்கின்றன. தமிழில் பெயர்க்கும்போது அது நீளமாக இருக்கிறது என்று வெட்டிவிட்டு, ‘உலகின் முதல் நிரலாளரான ஏடா’ என்று எழுதுகிறோம். உங்களில் யாரேனும் அத்தகைய வரியைக் கண்டால், மேலேயுள்ள அந்தச் சிறு இணைப்பை அழுத்தி, ‘இவ்வாறு சொன்னவர் யார்?’ என்று ஒரு வரி எழுதுங்கள்.

நன்றி, வணக்கம்.