சிந்திய கதிரும் சினிமாச் சுருளும்

விழாத் தலைவர் அவர்களே, முன்னிலை வகிக்கும் நூலகர் பெருமக்களே, காலையிலிருந்து நாற்காலிகளைச் சுமந்து போட்ட இளைஞர்களே, பின்வரிசையில் நின்றபடியே கேட்கும் தாய்மார்களே, அனைவருக்கும் என் வணக்கம். எனக்கு முன் பேசிய பேராசிரியர் அவர்கள் உலக சினிமாவையே நம் கண்முன் நிறுத்திவிட்டார்கள். அவர்களுக்கு என் நன்றி. நான் ஒரே ஒரு பெண்மணியைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன்.

அன்யேஸ் வர்தா. 1928இல் பிரஸ்ஸல்ஸில் பிறந்து, பிரான்சில் வாழ்ந்து, 2019இல் மறைந்தவர். புகைப்படக் கலைஞராகத் தொடங்கி, திரைப்படமும் ஆவணப்படமும் எடுத்து, எழுபது வயதுக்கு மேல் காட்சிக்கலைக் கூடங்களுக்குள் நுழைந்தவர். இரண்டு செய்திகள் சொல்ல வேண்டும்: அவர் பொறுக்கியவை, அவர் எறியாதவை. எனக்குப் பிடித்த பழமொழி ஒன்று உண்டு: சிறு துரும்பும் பல் குத்த உதவும். அந்த அம்மையாரின் வாழ்க்கையே அதுதான்.

2000இல் வெளிவந்த ஓர் ஆவணப்படத்துக்காக, கையடக்க டிஜிட்டல் காமிராவோடு, வயலில் சிந்தியதைப் பொறுக்கும் மனிதர்களைத் தேடிப் போனார். பிரான்சில் உருளைக்கிழங்கு அறுவடை இயந்திர வேலை. அளவுக்கு மிஞ்சிப் பெருத்தது, கோணலானது, பச்சை பாய்ந்தது எல்லாம் கழிக்கப்பட்டு, லாரி லாரியாக வயலிலேயே கொட்டப்படும். சாக்குப் பையோடு ஏழைகள் வருவார்கள். அந்தக் குவியலில் இதய வடிவத்தில் ஒரு கிழங்கு! வர்தா குழந்தைபோல் மகிழ்ந்தார். காமிராவை அருகே கொண்டுபோய், மண் ஒட்டிய அந்தத் தோலைப் படம்பிடித்தார். இதயக் கிழங்குகளை வீட்டுக்கு எடுத்துப்போய், சுருங்கி முளைவிடும்வரை வைத்திருந்தார். சந்தை வேண்டாமென்று கழித்ததை அவர் மடியில் ஏந்தினார், நண்பர்களே! கதை அதோடு முடியவில்லை. 2003இல் வெனிஸ் கலைக் கண்காட்சிக்கு அழைப்பு வந்தது. முளைவிட்ட கிழங்குகள் மூன்று திரைகளில் அசைய, திரைகளின் முன்னே தரையில் 700 கிலோ உருளைக்கிழங்கு. எழுபத்தைந்து வயதில் உருளைக்கிழங்கு வேடமிட்டுப் பார்வையாளர்களை வரவேற்றார். சிறு துரும்பும் பல் குத்த உதவும் என்பதை இதைவிட யார் சொல்ல முடியும்?

இனி எறியாதவை. 1966இல் அவர் எடுத்த ஒரு கதைப்படம் தோல்வி. நாற்பது ஆண்டு கழித்து, 2006இல், அந்தப் படத்தின் சுருள்களையே தொங்கவிட்டுப் பாரிஸில் ஒரு குடில் கட்டினார். உள்ளே நின்றால் வெளிச்சம் படச்சட்டங்களின் வழியே வடிந்து வரும். சுருள் இருந்ததால்தான் குடில் வந்தது.

நம் நிலைமை என்ன? ஓர் அலுவலகத்தில் பழைய ஆவணப்படச் சுருள்களை எடைக்குப் போடுவதைப் பார்த்தேன். தடுக்கப் போவதற்குள் வண்டி நகர்ந்துவிட்டது. அன்றிரவு எனக்குத் தூக்கமில்லை. அசிடேட் என்ற ஒருவகை பிளாஸ்டிக்கில் செய்த பழைய படச்சுருள் கெடும்போது வினிகர் வாடை அடிக்கும். பின் சுருங்கும், நெளியும், படம் பதிந்த படலம் உரியும். ஒன்றின் ஆவி பக்கத்துச் சுருளையும் கெடுக்கும். குளிர்ந்த, உலர்ந்த இடத்தில் வைத்தால் அந்த அழிவு மெதுவாகும். அதனால்தான், தலைவர் அவர்களே, ஒவ்வொரு நூலகத்திலும் சுருளுக்கும் கேசட்டுக்கும் ஒரு குளிர்ந்த அறை வேண்டும் என்று மேடைதோறும் கேட்கிறேன். சிறு துரும்பு, ஐயா, சிறு துரும்பு!

வாசலருகே மேசையில் ஒரு நோட்டுப் புத்தகம் வைத்திருக்கிறோம். உங்கள் வீட்டுப் பரணில் படச்சுருள் வைத்த தகர டப்பா இருந்தால் பெயரை எழுதிவிட்டுப் போங்கள். வினிகர் வாடை அடித்தால் அதையும் எழுதுங்கள். அந்த டப்பாவை முதலில் வந்து எடுத்துக்கொள்கிறோம்.