கதவச் சாத்துற கை: நம்ம ஊர் நாவல்கள்ல வளர்ற பிள்ளைகள்

(தக்கலையில ஒரு நூலக வாசகர் வட்டக் கூட்டத்துல பேசினது. பேசினபடியே எழுதியிருக்கேன், அங்க நேரம் இல்லாம விட்டத மட்டும் சேத்திருக்கேன்.)

எல்லாருக்கும் வணக்கம். முன் வரிசையில பிளஸ் டூ பிள்ளையளும் காலேஜ் பிள்ளையளும் இருக்கிய, பின்னால அவங்கள கூட்டிட்டு வந்த அம்மா அப்பா இருக்கிய, ரெண்டு பேரும் ஒரே கூட்டத்துக்கு வந்திருக்கியன்னு பாக்கும்போது எனக்கு மனசு நெறஞ்சிருக்கு, ஏன்னா நான் பேச வந்ததே இந்த ரெண்டு வரிசைக்கும் நடுவுல நடக்கிற விஷயம்தான்.

பிள்ளைப் பருவம் எப்படி முடியுது, ஊர் மாறும்போது வளர்ற பிள்ளைக்கு என்ன ஆகுது, இத பத்தி உலகம் பூரா புத்தகம் இருக்கு. ஆனா நம்ம கன்னியாகுமரி மாவட்டத்துல இருந்து வந்திருக்கிற அளவுக்கு இவ்வளவு சின்ன இடத்துல இருந்து வந்திருக்கான்னா எனக்கு சந்தேகம்தான். இஞ்ச இருந்து பஸ் ஏறினா கொஞ்ச நேரத்துல இரணியல், இன்னொரு பஸ்ஸுல தேங்காப்பட்டணம், இந்தப் பக்கம் நாகர்கோவில், அந்தப் பக்கம் குலசேகரம் மலையடிவாரம். ஒவ்வொரு இடத்துக்கும் ஒரு நாவல் இருக்கு, ஒவ்வொரு நாவலுக்குள்ளயும் ஒரு சின்னப் பிள்ளை இருக்கு. 1964ல புத்தம் வீடு, 1966ல ஒரு புளியமரத்தின் கதை, 1968ல தலைமுறைகள், அடுத்தடுத்து வந்திருக்கு பாத்தியளா. நாம திருவிதாங்கூர்ல இருந்து பிரிஞ்சு தமிழ்நாட்டோட சேர்ந்தது 1956 நவம்பர் 1. அதுக்கப்புறம் பத்து பன்னெண்டு வருசத்துக்குள்ள இந்த மூணும். ராஜா போயாச்சு, கொடி மாறியாச்சு, ஆபீஸ்ல பாஷை மாறியாச்சு, அந்த நேரத்துல எழுத உக்காந்தவங்க எல்லாரும் திரும்பிப் பாத்தது அவங்க பிள்ளையா இருந்த வீட்டத்தான்.

முதல்ல புத்தம் வீடு. ஹெப்சிபா ஜேசுதாசன் எழுதினது. அவங்க பிறந்தது பர்மாவுல, 1925ல, அப்புறம் திருவனந்தபுரத்துல காலேஜுல இங்கிலீஷ் சொல்லிக் கொடுத்தாங்க, ஆனா முதல் நாவல் எழுதும்போது பனைவிளைக்கு நடுவுல நிக்கிற ஒரு பழைய வீட்ட எடுத்துக்கிட்டாங்க. அந்த வீட்டுல லிஸின்னு ஒரு பிள்ளை. கண்ணப்பச்சிக்கு, அதாவது தாத்தாவுக்கு, அவதான் உசிரு. அப்பன் குடிகாரன். பழைய மதிப்பு மட்டும் மிச்சம் இருக்கிற குடும்பம், கையில காசு இல்ல. லிஸி ஸ்கூலுக்குப் போறா, நல்லா படிக்கிறா, பெரிய பிள்ளை ஆனதும் போதும்னு நிறுத்திடுறாங்க. பெருசா சண்டை ஒண்ணும் நடக்கல, அடி உதை கிடையாது, வீட்டுக்குள்ள இருக்கணும், அவ்வளவுதான். வெளிய மழை பெய்யுது, பனையில ஆள் ஏறுறான், அக்கானி, அதாவது பதநீர், இறக்குறாங்க, எல்லாம் நடந்துக்கிட்டே இருக்கு, அவ உள்ள இருந்து பாத்துக்கிட்டே இருக்கா.

இந்த இடத்துல ஒரு விஷயம் யோசிக்கணும். நம்ம ஊர்ல பனையேறுற சாதிப் பெண்கள் தோள்ல துணி போட்டா அடிச்சுக் கிழிச்ச காலம் ஒண்ணு இருந்துச்சு. 1820கள்ல ஆரம்பிச்சு வருசக் கணக்கா போராடி, 1859ல தான் மகாராஜா உத்தரவு வந்துச்சு. அதுக்கு முன்னாலயே மிஷன் பள்ளிக்கூடம் வந்தாச்சு, பெண்பிள்ளைகள் எழுத்துப் படிச்சாச்சு. தெருவுல மானத்தோட நடக்கிறதுக்காக ரத்தம் சிந்தின சனத்தோட வாரிசுதான் லிஸி. அவள வீட்டுக்குள்ள உக்கார வச்சது மேல்சாதிக்காரன் இல்ல, ராஜாவும் இல்ல. அவ மேல உசிரையே வச்சிருந்த அவ வீட்டு ஆளுகதான். நமக்கும் ஒரு அந்தஸ்து வந்தாச்சு, இனி நம்ம பிள்ளை தெருவுல நடக்கப்பிடாது, இதுதான் காரணம்.

எனக்கு இன்னைக்கு சொல்ல இருக்கிறது இதுதான். நம்ம ஊர் நாவல்கள்ல பிள்ளைகளோட வெள்ளை மனசு உடையிறது பட்டணத்துக்குப் போய் கெட்டுப்போறதால இல்ல, சினிமா பாத்து இல்ல. மடியில வச்சு கதை சொன்ன கையே கதவையும் சாத்துதுன்னு தெரியிற அன்னைக்கு உடையுது. அந்தக் கைய வெறுக்கவும் முடியல, அதுதான் சோறு ஊட்டின கை. அந்தப் பிள்ளை அழுறதே இதுக்குத்தான்.

தலைமுறைகள் எடுத்துப் பாருங்க, நீல பத்மநாபன் எழுதினது. இரணியல்ல செட்டியார் குடும்பம், திரவின்னு ஒரு பையன், அவனுக்கு உண்ணாமலை ஆச்சி. அந்த ஆச்சி சொல்ற பழங்கதை, குலத்துக் கதை, சடங்குக்கு சடங்கு அவ சொல்ற நியாயம், அந்தப் பேச்சு அப்படியே நம்ம பேச்சு, படிக்கும்போது பக்கத்துல ஒரு கிழவி உக்காந்து வெத்தில இடிக்கிற மாதிரி இருக்கும். ஆச்சி இருக்கிற வரைக்கும் திரவிக்கு உலகம் முழுசா இருக்கு. அவன் அக்கா நாகம்மைய கட்டிக்கொடுத்த இடத்துல இருந்து திருப்பி அனுப்பிடுறாங்க, இவ பொம்பளையே இல்லன்னு பழி சொல்லி. குறை அவளுக்கு இல்ல. ஆனா ஊர் அவளத்தான் பாக்குது. ஆச்சி சொன்ன கதையில எல்லாம் நியாயம் ஜெயிக்கும், அக்கா விஷயத்துல அதே ஆச்சியோட உலகத்துக்கு சொல்ல ஒரு பதிலும் இல்ல. திரவி படிச்சவன், அக்காவுக்கு வேற வாழ்க்கை வேணும்னு நிக்கிறான், ஊர்க் கட்டுப்பாடு அவன் முன்னால மலையா நிக்குது. அதுக்கு மேல நான் சொல்லல, நீங்க படிக்கணும். அந்தப் பேச்சுவழக்கு முதல் கொஞ்சம் பக்கம் தடுக்கும், விடாதீங்க.

தோப்பில் முஹம்மது மீரானோட ஒரு கடலோர கிராமத்தின் கதை 1988ல புத்தகமா வந்துச்சு. தேங்காப்பட்டணம் பக்கம், வடக்கு வீட்டு அஹமதுக்கண்ணு முதலாளி, ஊரே அவர் சொல்லுக்கு அடங்கும். அங்க இங்கிலீஷ் பள்ளிக்கூடம் வருது, முதலாளிக்கு அது பிடிக்கல. பள்ளிக்கூடம்னா கட்டடம் மட்டும் இல்லன்னு அவருக்கு நல்லாவே தெரியும், எழுத்துப் படிச்சவன் நாளைக்கு எதுத்துக் கேள்வி கேப்பான். அந்த வீட்டுக்குள்ள அவர் மகள் ஆயிஷா, அவர் தங்கச்சி மகன் பரீது, ரெண்டு பிள்ளைகளும் ஒருத்தர் மேல ஒருத்தர் பிரியம் வச்சிருக்கு. முதலாளி தறவாட்டுப் பெருமைய, அதாவது குடும்பப் பெருமைய, பாத்து மகள வேற இடத்துல கட்டிக்குடுக்கார், அது அவளுக்கு வாழ்க்கையா அமையல. முதலாளிக்கு மகள் மேல பாசம் இல்லையான்னா இருந்துச்சு, நெறைய இருந்துச்சு. அத வச்சுக்கிட்டுத்தான் இத செஞ்சார்.

சுந்தர ராமசாமியோட குழந்தைகள் பெண்கள் ஆண்கள், 1998ல வந்தது, நம்ம ஊர் இல்ல, கோட்டயம், 1930களோட கடைசி. பாலுங்கிற பையனுக்கு அப்பா எஸ்.ஆர்.எஸ். மேல இருக்கிற பயம், அந்த ஒண்ணுக்காகவே எல்லா அப்பாமாரும் அத படிக்கணும்.

இனி ஆம்பளப் பிள்ளைகள் கதை. இவங்களுக்குக் கதவு இல்ல, ரோடு இருக்கு, ரயில் இருக்கு. நாஞ்சில் நாடன் எழுதின எட்டுத்திக்கும் மதயானையில பூலிங்கம், ஒரு பொண்ணு கூட பேசினத தப்பா எடுத்து அடிச்சுடுறாங்க, ஆத்திரத்துல வைக்கோல் படப்புக்கு தீ வச்சுட்டு ஊர விட்டு ஓடுறான், ஓடி ஓடி கடைசியில பம்பாய். நாஞ்சில் நாடனும் வேலைக்காக பம்பாய் போனவர்தான், அதனால அந்த அலைச்சல் எல்லாம் பொய் இல்லாம இருக்கும். பூலிங்கம் கெட்டுப்போன பையன் இல்ல, ஊர் அவனுக்கு விட்டு வச்ச வழியில போனான், அந்த வழி அவன எங்க எல்லாம் கூட்டிட்டுப் போச்சுன்னு பாருங்க. பெண்பிள்ளைக்கு வாசப்படி, ஆம்பளப் பிள்ளைக்கு ரயில்வே ஸ்டேஷன். வளர்றதுன்னா நம்ம ஊர்ல இந்த ரெண்டுல ஒண்ணாத்தான் இருந்திருக்கு.

இந்தப் புத்தகங்கள படிச்சுட்டு நெறைய பேர், அந்தக் காலம் எவ்வளவு நல்லாருந்துச்சு, மனுசங்க எவ்வளவு வெள்ளந்தியா இருந்தாங்கன்னு எழுதுறாங்க, பேசுறாங்க. எனக்கு அத கேட்டா கோவம் வரும். யாருக்கு நல்லாருந்துச்சு? லிஸிக்கா? நாகம்மைக்கா? லிஸி கூட சின்ன வயசுல பழகின தங்கராஜுக்கா? அவன் அந்த வீட்டுக்குப் பனையேறுறவன் மகன், ஒரே சாதிதான், ஆனா ஏறுறவன் வீடு வேற, ஏற வைக்கிறவன் வீடு வேற. அந்தப் பழைய ஊர் அப்படியே இருந்திருந்தா இங்க முன்வரிசையில இருக்கிற பெண்பிள்ளைகள் பாதிப் பேர் இங்க வந்திருக்க முடியாது.

அதுக்காக மாறினது எல்லாம் நல்லதுன்னும் நான் சொல்ல வரல. அதே சுந்தர ராமசாமியோட புளியமரத்தின் கதையில தாமோதர ஆசான் சொல்லச் சொல்ல பையன்மார் வாயப் பொளந்து கேக்கிறாங்கல்ல, அந்த மரம் எப்பவோ குளத்துக்குள்ள நின்னது, குளத்தத் தூத்து ரோடு வந்து, ஜங்ஷன் வந்து, கடை வந்து, மரம் நடுத்தெருவுல நிக்குது. சுதந்திரம் கிடைச்ச ஜோருல காற்றாடி மரத்தோப்ப, அதாவது சவுக்குத் தோப்ப, வெட்டிட்டு பூங்கா போடுறாங்க. அப்புறம் எலெக்ஷன், வியாபாரப் போட்டி, பத்திரிகைச் சண்டை, எல்லாத்துக்கும் அந்த மரம் காரணமாகி, காப்பாத்த சாமியாக்கிப் பாத்தும் கடைசியில விஷம் வச்சு சாகடிச்சிடுறாங்க. அத படிச்சு முடிச்சுட்டு நாகர்கோவில்ல பஸ்ஸ விட்டு இறங்கினா ஜங்ஷனப் பாக்கிற கண்ணே வேறயாயிரும்.

மலைப்பக்கம் ஜெயமோகனோட ரப்பர், 1990. காட்டையும் வாழையையும் அழிச்சு ரப்பர் வச்சு உசந்த பெருவட்டர் குடும்பம், உசந்த வேகத்துலயே உள்ளுக்குள்ள உளுத்துப்போகுது, பேரன் பிரான்சிஸ் அதுல இருந்து வெளிய வர வழி தேடுறான். அந்த மலையடிவாரத்துப் பிள்ளைகளுக்கு நான் பாடம் எடுத்திருக்கேன். ரப்பர் மரத்துல பால் வெட்ட விடியறதுக்கு முன்னால போகணும், குளிர் இருக்கும்போதுதான் பால் நல்லா ஓடும், வெயில் ஏறினா நின்னுடும். அம்மா வெட்டிட்டே போவா, மக பின்னால சிரட்டையில இருந்து பால வாளியில ஊத்திச் சேத்துட்டு, குளிச்சு, யூனிபார்ம் போட்டு, பஸ் பிடிச்சு வருவா. எவ்வளவு சோப்பு போட்டுக் குளிச்சாலும் ஒட்டுப்பால் நாத்தம் கையில இருக்கும். அப்படி ஒரு பிள்ளை கிளாஸ்ல கைய டெஸ்க்குக்குக் கீழயே வச்சிருப்பா, எழுதச் சொன்னா மட்டும் எடுப்பா. பக்கத்துல இருந்தவ என்னமோ சொல்லியிருக்கா. அதுவரைக்கும் அம்மா கூட இருட்டுல டார்ச் அடிச்சுட்டுப் போறது அவளுக்கு சந்தோஷமான விஷயம், எனக்கே சிரிச்சுட்டு சொல்லியிருக்கா. அந்த ஒரு சொல்லுக்கு அப்புறம் சொல்லல. பிள்ளைத்தனம் போறதுன்னா எனக்கு மனசுல வாறது அந்த ரெண்டு கைதான். அந்தக் கைய பத்தி ஒரு நாவல் நான் இன்னும் படிக்கல.

இப்ப பின்வரிசைக்கு ஒண்ணு சொல்லணும், கோவப்படாம கேளுங்க. லிஸிய உள்ள உக்கார வச்சது பழைய காலம்னு நாம நினைக்கோம். இப்ப நாம பிள்ளைய நர்சிங் படிக்க வைக்கோம், தெரியாத தேசத்துக்கு வேலைக்கு அனுப்புறோம், அவ அனுப்புற காசுல வீட்டுக்கு மாடி எடுக்கோம், எல்லாம் செய்தோம், ஆனா அவ ஒருத்தன பிடிச்சிருக்குன்னு சொன்னா அடுத்த நிமிசம் போன பிடுங்கி வச்சிடுதோம். கடல் தாண்டி ராத்திரி டியூட்டி பாக்க அவள நம்புறோம், இதுக்கு மட்டும் நம்ப மாட்டோம். புத்தம் வீட்டுல லிஸி கத்தல, ஓடல, கொலைப்பழி வரைக்கும் அந்த வீட்டுல என்னென்னமோ நடக்குது, அவ தன் மனசுல பட்டத விடாம நிக்கிறா, கடைசியில தங்கராஜத்தான் கட்டுறா. நான் இன்னைக்கு சொன்ன புத்தகங்கள்ல ஒரு பெண் எழுதினது அது ஒண்ணுதான், பிள்ளை உடையாம வெளிய வாறதும் அதுலதான். ரெண்டுக்கும் சம்பந்தம் உண்டுன்னு நான் உறுதியா நம்புறேன்.

அப்புறம் நம்ம மேற்குக் கடற்கரை. தூத்தூர், சின்னத்துறை, வள்ளவிளை, நீரோடி, அந்த ஊர் ஆம்பளைங்க ஆழ்கடலுக்குப் போனா வர நாள் கணக்கு ரொம்ப ஆகும். 2017 நவம்பர் 30, ஒக்கி புயல். எத்தனையோ பேர் திரும்பி வரல, உடம்பு கூட கிடைக்காத வீடுகள் இருக்கு. அன்னைக்கு சின்னதா இருந்த பிள்ளைகள் இப்ப காலேஜ் வாசல்ல நிக்குது. அப்பா செத்துட்டாரா வருவாரான்னு வீட்டுல யாருமே வாயத் தொறந்து சொல்லாம, கடற்கரையில மெழுகுதிரி கொளுத்தினத பாத்து தானா புரிஞ்சுக்கிட்ட பிள்ளைகள். அவங்களுக்குத் தெரிஞ்சது எந்தப் பெரிய எழுத்தாளருக்கும் தெரியாது. வெளியூர்ல இருந்து ஒருத்தர் வந்து பேட்டி எடுத்து எழுதுறது வேற, அந்த வீட்டுப் பிள்ளையே, அந்தக் கடப்பொறப் பேச்சுலயே, தமிழ் சாருக்கும் டீச்சருக்கும் பயப்படாம எழுதுறது வேற. இந்த நாவல்கள் எல்லாம் நின்னதே ஊர்ப்பேச்ச நம்பினதாலதான்.

அதனால இன்னைக்கு போறதுக்கு முன்னால மெம்பர்ஷிப் இல்லாத பிள்ளைகள் பேர் குடுத்துட்டுப் போங்க. முதல்ல புத்தம் வீடு எடுங்க, சின்னப் புத்தகம், சீக்கிரம் முடிஞ்சிரும். படிச்சு முடிச்சா அம்மாகிட்ட குடுங்க, அவங்க படிச்சதும் அப்பாகிட்ட. மூணு பேரும் படிச்ச வீட்டுல இருந்து அடுத்த மாசம் யாராவது ஒருத்தர் இங்க நின்னு பேசணும், அது பிள்ளையா இருந்தா எனக்கு இன்னும் சந்தோஷம். கேள்வி இருந்தா இப்ப கேளுங்க, முதல்ல முன்வரிசை.