டெம்பரவரி என்றாலும் கேட்டுவிட்டுத்தான் அனுப்ப வேண்டும்

நேயர்களுக்கு வணக்கம்.

அம்பத்தூர், கிண்டி, ஒரகடம் பக்கம் கம்பெனி வாசல் டீக்கடைகளில் இந்தப் பேச்சு அடிக்கடி காதில் விழும். "டெம்பரவரிதானே, நாளையிலிருந்து வர வேண்டாம்னு சொல்லிட்டாங்க." ஏனாம்? "ஸ்டோர்ல காப்பர் வயர் காணோமாம்."

இந்த இரண்டாவது பேச்சைக் கவனியுங்கள். ஆர்டர் குறைந்தது, வேலை முடிந்தது என்று ஆளை நிறுத்துவது ஒன்று. திருடினான், சூப்பர்வைசரை அடித்தான் என்று நிறுத்துவது வேறு. பழி சொல்லி அனுப்பினால் அது தண்டனை. தண்டனை என்றால் அவர் பக்கத்தைக் கேட்டுவிட்டுத்தான் கொடுக்க வேண்டும்.

இது நேற்று வந்த சலுகை இல்லை. 1946-ஆம் ஆண்டு நிலையாணைச் சட்டத்தின்கீழ் வந்த மாதிரி நிலையாணைகளிலேயே, அதாவது கம்பெனிகளின் வேலை விதிகளுக்கான மாதிரியிலேயே, இருந்தது. தற்காலிகத் தொழிலாளியை நிறுத்த முன்னறிவிப்பு வேண்டியதில்லை. ஆனால் தண்டனையாக நிறுத்துவதென்றால், குற்றச்சாட்டுக்கு விளக்கம் சொல்ல வாய்ப்பு கொடுத்தாக வேண்டும். இரண்டும் ஒரே பத்தியில் இருந்தன. பல இடங்களில் முதல் பாதியோடு படிப்பதை நிறுத்திவிட்டார்கள்.

"நாங்கள் கடிதத்தில் திருட்டு என்று எழுதவே இல்லையே" என்பார்கள். இதற்கு உச்ச நீதிமன்றம் 1984-இல் தீர்ப்பளித்த ஒரு வழக்கைச் சொல்ல வேண்டும். அவர் தொழிலாளி அல்ல, ஹைதராபாத்தில் பயிற்சியில் இருந்த ஐ.பி.எஸ். அதிகாரி. 1981-இல் ஒரு நாள் காலைப் பயிற்சிக்குப் பயிற்சியாளர்கள் பலர் தாமதமாக வந்தார்கள். மழை என்றார்கள். அதற்குத் தூண்டுகோல் இவர்தான் என்று பயிற்சி நடத்திய போலீஸ் அகாடமி நினைத்தது. ஆனால் வெளியே அனுப்பிய உத்தரவில் அதைப் பற்றி ஒரு சொல் இல்லை, 'விடுவிக்கப்படுகிறார்', அவ்வளவுதான். நீதிமன்றம் உத்தரவின் பின்னால் இருப்பதைப் பார்த்தது. அடிப்படை அந்தக் குற்றச்சாட்டுதான், விசாரணை நடக்கவில்லை என்று சொல்லி உத்தரவை ரத்து செய்தது. தகுதிகாண் காலத்தில் இருந்தவருக்கே அப்படி. காகிதத்தில் எழுதாமல் விட்டால் காரணம் மறைந்துவிடாது, நேயர்களே.

அடுத்தது சார்ஜ் மெமோ, அதாவது குற்றச்சாட்டை எழுதிக் கொடுக்கும் கடிதம். நான் இதைத்தான் திரும்பத் திரும்பச் சொல்வேன், ஏனென்றால் பாதி வழக்குகள் இங்கேயே கெட்டுப் போகின்றன. "ஸ்டோர் பொருள்களைக் கையாடினீர்" என்ற ஒற்றை வரிக்கு யார் என்ன பதில் எழுத முடியும்? "12-ஆம் தேதி இரவு 9.40 மணிக்கு, இரண்டாம் கேட்டில், உங்கள் சாப்பாட்டுப் பையில் 3 கிலோ காப்பர் வயர் இருந்ததைக் காவலாளி பார்த்தார்" என்று எழுதினால்தான், "அன்றைக்கு எனக்கு வார லீவு, வருகைப் பதிவேட்டைப் பாருங்கள்" என்று அவரால் சொல்ல முடியும். தேதி, நேரம், இடம், பொருள், அளவு, பார்த்தவர். 'குற்றம் நிரூபணமாகிவிட்டது' என்று மெமோவிலேயே எழுதக் கூடாது. எழுதினால் முடிவு முன்னாலேயே எடுத்தாகிவிட்டது என்று ஆகும். பீகாரிலிருந்தும் ஒடிசாவிலிருந்தும் வந்தவர்கள் கையில் ஆங்கில மெமோவைக் கொடுத்தால் அது கொடுத்ததாகவே ஆகாது. அவருக்குப் புரியும் மொழியில் ஒரு பிரதி கொடுங்கள். தொழிலாளர்களே, வெள்ளைத்தாளில் கையெழுத்து கேட்டால், தயவுசெய்து போடாதீர்கள்.

விசாரணை எப்படி இருக்க வேண்டும் என்று சுர் எனாமல் என்ற கம்பெனியின் வழக்கில் 1963-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. குற்றச்சாட்டு தெளிவாக இருக்க வேண்டும், சாட்சிகளை அவர் முன்னால் விசாரிக்க வேண்டும், அவர் குறுக்கு விசாரணை செய்யலாம், தன் சாட்சிகளைக் கொண்டு வரலாம், முடிவுக்குக் காரணம் எழுத வேண்டும். முன்பே டைப் செய்த வாக்குமூலத்தை நீட்டிக் கையெழுத்து வாங்குவது சாட்சி விசாரணை ஆகாது. புகார் கொடுத்த சூப்பர்வைசரே விசாரணை அதிகாரியாக உட்காரவும் கூடாது.

காண்ட்ராக்ட் தொழிலாளர் பற்றி விரிவாகப் பேச நினைத்தேன், நேரம் நெருங்கிவிட்டது. ஒன்று மட்டும்: "ஆளை மாத்து" என்று கம்பெனி காண்ட்ராக்டருக்குப் போன் செய்வது விசாரணை இல்லை.

இன்னும் இரண்டு. சஸ்பெண்ட் செய்தால் பிழைப்பூதியம் உண்டு, முதல் 90 நாளுக்குச் சம்பளத்தில் பாதி. அது தராமல் விசாரணைக்கு வா என்றால் அவர் பஸ் காசுக்கு எங்கே போவார்? மெமோ வாங்க மறுத்தால், அவர் கொடுத்திருக்கும் முகவரிக்குத் தபாலில் அனுப்புங்கள். திரும்பி வந்த உறையைப் பிரிக்காமல், தபால்காரர் எழுதிய குறிப்போடு அப்படியே ஃபைலில் வையுங்கள். பிரித்துவிட்டால் உள்ளே என்ன இருந்தது என்று தொழிலாளர் நீதிமன்றத்தில் காட்ட முடியாது.

வணக்கம்.