ஒரே மின்சாரம், இரண்டு ஆணையங்கள்

நேயர்களுக்கு வணக்கம்.

நூற்பாலை நடத்தும் ஒருவரை நினைத்துக்கொள்ளுங்கள். ஆலைக்கு வேண்டிய மின்சாரத்தில் ஒரு பகுதியை மின்சந்தையில் வாங்குகிறார். அடுத்த மாதம் யூனிட் 4 ரூபாய்க்குக் கிடைக்குமா, 6 ரூபாய் ஆகுமா என்று அவருக்குத் தெரியாது. நூலுக்கு விலை பேச வேண்டியதோ இன்றைக்கு.

இந்தக் கவலைக்கு மருந்தாகத்தான், வரும் மாதத்து விலையை இன்றே பேசி வைக்கும் மின்சார முன்பேர ஒப்பந்தம் வந்திருக்கிறது. ஒரு ஒப்பந்தம் என்பது 50 மெகாவாட் மணி, அதாவது 50,000 யூனிட். நம் ஆலைக்காரர் யூனிட் 4 ரூபாய் என்று ஒன்றை வாங்குகிறார். மாத முடிவில் சந்தையின் சராசரி விலை 5 ரூபாய் ஆகிவிட்டால் அவர் கணக்கில் 50,000 ரூபாய் வரவு. மின்சாரத்துக்குக் கூடுதலாகக் கொடுத்தது அதில் ஈடாகிவிடும். விலை 3 ரூபாயாக இறங்கினால் அதே தொகையை அவர் கட்ட வேண்டும். ஆனால் மின்சாரம் மலிவாகக் கிடைத்திருக்கும். இந்த ஒப்பந்தத்தின் பேரில் ஒரு யூனிட் மின்சாரம்கூடக் கம்பியில் ஓடாது. கைமாறுவது பணம் மட்டும்தான்.

சரி, இதை யார் கண்காணிப்பது? இந்தக் கேள்விக்கு விடை கிடைக்கப் பத்தாண்டுக்கு மேல் ஆனது. 2009இல் பண்டச் சந்தைகள் இத்தகைய ஒப்பந்தங்களைத் தொடங்கியபோது, முன்பேர வணிகம் எதுவானாலும் 1952ஆம் ஆண்டுச் சட்டப்படி எங்கள் பொறுப்பு என்றது அன்றைய முன்பேரச் சந்தை ஆணையம். மின்சாரச் சந்தையை வளர்க்கும் பொறுப்பை 2003ஆம் ஆண்டு மின்சாரச் சட்டம் எங்களுக்குத் தந்திருக்கிறது என்றது மத்திய மின்சார ஒழுங்குமுறை ஆணையம். வழக்கு மும்பை உயர் நீதிமன்றம் போய், அங்கிருந்து உச்ச நீதிமன்றத்துக்கு வந்தது. இதற்கிடையில், 2015இல் முன்பேரச் சந்தை ஆணையமே பங்குச் சந்தையைக் கண்காணிக்கும் செபியோடு இணைக்கப்பட்டது. கடைசியில் இரு தரப்பும் ஓர் உடன்பாட்டுக்கு வர, 2021 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் வழக்கை முடித்துவைத்தது. மின்சாரத்தை உண்மையாகவே வழங்கித் தீர்க்கும் ஒப்பந்தங்கள் மின் ஆணையத்துக்கு. பணத்தில் தீர்ப்பவை செபிக்கு. அதன் பிறகுதான் 2025 ஜூலையில் எம்சிஎக்ஸ் பண்டச் சந்தையிலும் என்எஸ்இ பங்குச் சந்தையிலும் வணிகம் தொடங்கியது.

கோடு தெளிவாகத்தான் இருக்கிறது. ஆனால் விலை அந்தக் கோட்டுக்குள் நிற்பதில்லை. முன்பேர ஒப்பந்தத்தைத் தீர்க்கும் விலை எங்கே பிறக்கிறது? மின் ஆணையத்தின் கண்காணிப்பில், மறுநாளுக்கு வேண்டிய மின்சாரத்தை முந்தைய நாளே ஏலத்தில் விற்கும் அடுத்த நாள் சந்தையில். அங்கே ஒரு நாளை 96 கால் மணி நேரங்களாகப் பிரித்து ஒவ்வொன்றுக்கும் ஏலம் நடக்கிறது. 2022இல் சில கட்டங்களில் விலை 20 ரூபாயைத் தொட்டபோது, மின் ஆணையம் 12 ரூபாய் உச்சவரம்பு விதித்தது. இன்று அப்படி ஓர் ஆணை வந்தால், செபியின் பக்கம் உள்ள ஒவ்வொரு ஒப்பந்தத்தின் மதிப்பும் மாறிவிடும்.

என்னை அதிகம் உறுத்துவது வேறொன்று. ஒரு மின் உற்பத்தி நிறுவனம் ஏராளமான முன்பேர ஒப்பந்தங்களை வாங்கி வைத்திருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். அப்புறம் அடுத்த நாள் ஏலத்தில் தன் மின்சாரத்தில் கொஞ்சத்தை விற்காமல் நிறுத்திக்கொள்கிறது. விலை ஏறுகிறது. விற்காத மின்சாரத்தில் சிறு நட்டம், ஒப்பந்தங்களில் பெரிய லாபம். மின் ஆணையத்தின் பார்வையில் அது ஒரு நாள் உற்பத்திக் குறைவு. செபியின் பார்வையில் அது ஒரு வணிகரின் நல்ல லாபம். தனித்தனியாகப் பார்த்தால் இரண்டிலும் தப்பு தெரியாது. ஏறிய விலையைக் கொடுப்பதோ பகிர்மான நிறுவனமும் நம் ஆலைக்காரரும்.

அமெரிக்கா இந்தச் சிக்கலைப் பட்டுத் தெரிந்துகொண்டது. 2006இல் அமராந்த் என்ற நிதி நிறுவனம் இயற்கை எரிவாயு முன்பேர வணிகத்தில் சரிந்தது. விலையைச் செயற்கையாக நகர்த்தினார் என்று அதன் வணிகர் ஒருவருக்கு எரிசக்தி ஆணையம் 3 கோடி டாலர் அபராதம் விதித்தது. முன்பேரச் சந்தை வேறோர் ஆணையத்தின் எல்லை என்று சொல்லி 2013இல் நீதிமன்றம் அதை ரத்து செய்தது. அடுத்த ஆண்டு தொடக்கத்தில்தான் இரு ஆணையங்களும் தகவல் பகிர ஒப்பந்தம் செய்துகொண்டன.

இங்கே செபியும் மின் ஆணையமும் சேர்ந்த கூட்டுப் பணிக்குழு இருக்கிறது. நல்ல தொடக்கம். ஆனால் குழு கூடும்போது பேசிக்கொள்வது போதாது என்பது என் உறுதியான கருத்து. யார் எவ்வளவு ஒப்பந்தம் வைத்திருக்கிறார் என்ற பட்டியலும், அதே நிறுவனம் அன்றைய ஏலத்தில் என்ன கேட்டது, எதை நிறுத்தியது என்ற பட்டியலும் தினமும் ஒரே மேசைக்கு வர வேண்டும். வணிகம் இன்னும் சிறிதாக இருக்கும் இப்போதே அதற்கு வழி செய்துவிட வேண்டும்.

வணக்கம்.