ரத்தக் காட்டேரியும் கோயில் வாவலும்

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, கோயில் அறங்காவலர் ஐயா அவர்களே, முன்னாள் ஊராட்சித் தலைவர் அண்ணாச்சி அவர்களே, நோயாளிகளைப் பார்த்து முடித்த கையோடு வந்திருக்கும் டாக்டர் அம்மா அவர்களே, கால்நடை ஆய்வாளர் அவர்களே, முன்வரிசை ஆச்சிமார்களே, பின்வரிசையில் செல்போனுக்குள் தலையை விட்டிருக்கும் தம்பிமார்களே, எல்லாருக்கும் வணக்கம். வில்லிசைக் கலைஞர் ஐயா ஒருவரும் வந்திருக்கிறார். அவர் முன்னால் சுடலைமாடன் கதை சொல்வது கொல்லன் தெருவில் ஊசி விற்கிற வேலை. ஆகவே அந்தப் பகுதியைச் சுருக்கிக்கொள்கிறேன்.

கொடுத்த தலைப்பு ‘ரத்தம் குடிக்கும் பேய்கள்: வழக்காற்றில், வரலாற்றில், கதையில்’. மூன்று பாகம். மூன்றையும் கட்ட ஒரே கயிறு போதும். அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய். இதை இன்று பலமுறை சொல்வேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் நம் பக்கம். ரத்தம் குடிக்கும் பேயை வெளிநாட்டிலிருந்து இறக்குமதி செய்யவேண்டிய நிலையில் தமிழன் என்றுமே இருந்ததில்லை. பன்னிரண்டாம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே செயங்கொண்டார் பேய்களுக்குப் பந்தி போட்டுவிட்டார். கலிங்கத்துப்பரணியில் போர்க்களத்துப் பேய்கள் காளிக்குக் கூழ் அடுகின்றன. செத்த வீரர்களின் பல்தான் அரிசி, முரசுதான் உரல், யானைக் கொம்புதான் உலக்கை. அடுப்படிக் கணக்கு தெரிந்த பேய்கள்! ஊர்ப்புறத்தில் ரத்தக் காட்டேரி என்றால் பிள்ளைத்தாய்ச்சிப் பெண்ணை வாசல்படி தாண்ட விடமாட்டார்கள். சுடலைமாடனுக்குக் கொடை விழா நடக்கிறது. கணியான் கூத்தில் மகுடம் என்ற பறை அதிர, நள்ளிரவில் கணியான் தன் கையைக் கீறி ரத்தம் சிந்துகிறார். அதற்குக் கைவெட்டு என்று பெயர். இடையன்குடியில் இருந்த கால்டுவெல், ஆட்டின் கழுத்தில் வாய்வைத்து ரத்தம் குடித்த சாமியாடிகளைப் பற்றி 1849-இல் எழுதினார். அவர் கண்ணுக்கு அது பேய் வழிபாடு. நமக்கு அது வருசாந்திரக் கொடை.

இங்கே ஒரு வித்தியாசத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். அகால மரணம் அடைந்தவன் ஆபத்தானவன் என்று ஐரோப்பாக்காரனும் நம்பினான், நாமும் நம்பினோம். அவன் குழியைத் தோண்டி நெஞ்சில் கட்டை அடித்தான். நாம் பீடம் கட்டிப் படையல் போட்டோம். திருவிதாங்கூர்ப் போரில் செத்த ஒரு வெள்ளைக்கார கேப்டனுக்கு நம் பக்கத்தில் சாராயமும் சுருட்டும் வைத்துக் கும்பிட்டார்கள். அதையும் கால்டுவெல்தான் எழுதிவைத்தார். ரொம்ப முரண்டு பிடிக்கிற பேய்க்குத்தான் உச்சிமயிரைப் பிடுங்கிப் புளியமரத்தில் ஆணி அறைவது. ஆணி மரத்துக்கு, பிணத்துக்கு இல்லை.

இரண்டாவது பாகம், வரலாறு. சம்பவம் ஒன்றுதான், ஆனால் நீளம். தலைவர் கடிகாரத்தைப் பார்க்க வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன்.

1725-ஆம் வருஷம். செர்பியாவின் வடபகுதி அப்போது ஆஸ்திரிய அரசின் கையில் இருந்தது. துருக்கியரிடமிருந்து 1718-இல் வாங்கியது. அங்கே கிசிலியேவோ என்று ஒரு கிராமம். பீட்டர் பிளகோயெவிச் என்ற குடியானவன் செத்துப்போனான், புதைத்தார்கள். பத்து வாரம் கழித்து ஊரில் சாவு விழ ஆரம்பித்தது. எட்டு நாளில் ஒன்பது பேர். கிழவர்களும் உண்டு, இளவட்டமும் உண்டு. ஒவ்வொருவருக்கும் இருபத்துநாலு மணி நேரச் சீக்கு, அவ்வளவுதான். சாகிறவர்கள் எல்லாரும், “பீட்டர் ராத்திரி வந்து மேல படுத்துக் குரவளையை நெரிச்சான்” என்று சொல்லிவிட்டுச் சாகிறார்கள். ஒருத்தர் சொன்னதை அடுத்தவர் கேட்டிருப்பார் என்பதை மறக்கவேண்டாம்.

பீட்டரின் பெண்சாதி அதற்கு மேல். “அந்த மனுசன் எங்கிட்ட வந்து செருப்பைக் கேட்டார்” என்றாள். செத்தவனுக்கு எதற்குச் செருப்பு? நம்ம ஊர் ஆச்சியாக இருந்தால், “உயிரோட இருக்கையில ஒழுங்கா வீடு தங்கல, இப்ப எங்க போறதுக்குச் செருப்பு?” என்று கேட்டிருப்பாள். அந்த அம்மா கேட்கவில்லை, மூட்டையைக் கட்டிக்கொண்டு வேறு ஊருக்குப் போய்விட்டாள்.

ஊரார் கூடினார்கள். நேரே ஜில்லா அதிகாரியிடம் போனார்கள். பெயர் ஃபிராம்பால்ட். நம் கணக்குக்குத் தாசில்தார் என்று வைத்துக்கொள்ளுங்கள். “ஐயா, பாதிரியாரையும் கூட்டிக்கொண்டு வாங்க. குழியைத் தோண்டணும்.” அவர் தாசில்தார்தானே, உடனே சம்மதிப்பாரா? “பெல்கிரேடுக்கு எழுதி அனுமதி வாங்கணும்” என்றார். ஊரார், “உத்தரவு வருவதற்குள் ஊரே செத்துவிடும். துருக்கியர் காலத்திலேயே இப்படி ஒன்று நடந்தது. வந்தால் வாங்க, வராவிட்டால் நாங்கள் ஊரைக் காலி பண்ணுகிறோம்” என்றார்கள். குடி போனால் வரி போகும். அதிகாரி பாதிரியாரோடு கிளம்பிவிட்டார்.

தோண்டினார்கள். பார்த்ததை அவர் அறிக்கையாக எழுதினார். அது அந்த வருஷம் ஜூலை 21-இல் வியன்னா செய்தித்தாளில் வெளிவந்தது. நாற்றம் இல்லை. மூக்கு மட்டும் கொஞ்சம் சரிந்திருந்தது. முடியும் தாடியும் நகமும் வளர்ந்திருந்தன. பழைய தோல் உரிந்து, அடியில் புதுத்தோல். வாயில் புது ரத்தம். கூட்டம் கொதித்துவிட்டது. கட்டையைச் சீவி நெஞ்சில் அடித்தார்கள். காதிலும் வாயிலும் ரத்தம் வழிந்தது. பிறகு உடலைச் சாம்பலாக்கினார்கள். அறிக்கையின் கடைசியில் அதிகாரி ஒன்றைச் சேர்த்தார், எல்லா ஊர் அதிகாரியும் சேர்க்கிற வரி அது: இதில் தவறு ஏதும் இருந்தால் அது என் தவறு அல்ல, பயத்தில் புத்தி பேதலித்த கும்பலின் தவறு.

அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்பதை ஜெர்மன் மொழியில் ரிக்கார்டு பண்ணியவர் அந்த ஃபிராம்பால்ட்!

இப்போது டாக்டர் அம்மாவின் அனுமதியோடு அந்தப் பிணத்தைத் திரும்பப் பார்ப்போம். வெளியில் ஒரு வாரத்தில் எவ்வளவு அழுகுமோ, மண்ணுக்குள் அதே அளவு அழுக ஏறக்குறைய எட்டு வாரம் ஆகும். பிணக்கூறு மருத்துவத்தின் பழைய கணக்கு இது. ஆகப் பத்து வாரம் என்பது வெளியில் கிடந்தால் ஒன்பது நாள் மாதிரி. நகம் வளரவில்லை, விரல்தோல் வற்றிப் பின்வாங்கியதால் நீளமாகத் தெரிந்தது. மேல்தோல் கழன்றால் அடித்தோல் பளபளப்பாகத்தான் இருக்கும். வயிற்றில் வாயு சேர்ந்து நெஞ்சை அழுத்த, செந்நிற நீர் மூக்கிலும் வாயிலும் வரும். கட்டை அடித்தால் அந்த வாயு தொண்டை வழியாக வெளியேறும்போது முனகல் கூடக் கேட்கும். எல்லாம் கண்ணால் கண்டதுதான், பொய் இல்லை. அர்த்தம் பண்ணிக்கொண்டதில்தான் கோளாறு.

ஏழு வருஷம் கழித்து அதே செர்பியாவில் மெத்வெஜா என்ற ஊரில் ராணுவ மருத்துவர்களே பல குழிகளைத் தோண்டி அறிக்கை எழுதினார்கள். 1732-இல் அது ஐரோப்பா எங்கும் பரவி, ரத்தம் குடிக்கும் பிணத்துக்கு ‘வாம்பயர்’ என்ற சொல் ஆங்கிலத்திலும் ஏறியது. கடைசியில் 1755-இல் ஆஸ்திரிய மகாராணி மரியா தெரேசா, தன் மருத்துவர் வான் ஸ்வீட்டன் சொல்படி, பிணத்தைத் தோண்டுவதையும் கட்டை அடிப்பதையும் எரிப்பதையும் தடை செய்தார். அரசு நினைத்தால் பேயையும் நிறுத்தலாம். நம் அறநிலையத் துறை நினைத்தால் எதை நிறுத்தலாம் என்பதற்குப் பிறகு வருகிறேன்.

மூன்றாவது, கதையும் சினிமாவும். 1819-இல் பாலிடோரி என்ற ஆங்கில எழுத்தாளரின் வாம்பயர் சிறுகதை. குடியானவப் பிணம் அங்கேதான் கோட்டு போட்ட பிரபுவாக மாறியது. 1897-இல் பிராம் ஸ்டோக்கரின் டிராகுலா. இன்றைய ருமேனியாவில் அடங்கிய வல்லாக்கியாவை ஆண்ட விளாட் என்ற அரசனின் பட்டப்பெயரை ஒரு பழைய நூலில் கண்டு எடுத்துக்கொண்டார். அந்த அரசன் ஆட்களைக் கழுவேற்றியவன். வெயில் பட்டால் காட்டேரி மறைந்துபோகும் என்பது 1922-இல் வந்த ஊமைப்படத்தின் சரக்கு. நாவலில் டிராகுலா பகலிலும் நடமாடுவான். விரிவாகப் பேச நாலு குறிப்பு வைத்திருந்தேன். நேரம் போய்விட்டது, நிற்க.

ஸ்டோக்கரை நான் விடாமல் பிடிப்பதற்குக் காரணம் உண்டு. வௌவாலைக் காட்டேரியின் தோலாக எல்லார் மனதிலும் தைத்தது அந்த நாவல்தான். பீட்டர் கதையில் வௌவால் உண்டா? இல்லை. வாம்பயர் என்பது பேய்க்குத்தான் முதலில் பெயர்; ரத்தம் குடிக்கும் வௌவாலுக்கு அந்தப் பெயரைப் பிறகு வைத்தார்கள். உலகில் அவை மொத்தம் மூன்று இனம், மூன்றும் மெக்சிகோ முதல் தென்னமெரிக்கா வரை மட்டுமே. நாற்பது கிராம் எடை. உறிஞ்சாது, சின்னதாகக் கீறி நக்கும். ஓர் இரவுக்கு நாலு தேக்கரண்டி. இரண்டு மூன்று நாள் கிடைக்காவிட்டால் செத்துவிடும். அதனால் பக்கத்தில் தொங்குகிறது தன் வயிற்றிலிருந்து கக்கிக் கொடுக்கும். பேய்க்கு இந்தப் பண்பு கிடையாது.

இந்தியாவில் ஒன்றுகூட இல்லை. கோயில் இருட்டில் தொங்குவது பெரும்பாலும் பூச்சி தின்கிறது. ஆற்றங்கரை மருதமரத்தில் தொங்குவது பழம் தின்கிறது. வேப்பம்பழம் சலித்து, இலுப்பைப் பழத்துக்கு ஏங்கிப் பனியில் வாடிய வாவலை நற்றிணையிலேயே பாடியிருக்கிறார்கள். நாம் இன்றும் வாவல் என்றுதானே சொல்கிறோம்? உலகில் மேற்குத் தொடர்ச்சி மலையின் தென்பகுதியில் மட்டுமே உள்ள சலீம் அலி பழந்தின்னி வௌவால் நம் களக்காடு முண்டந்துறைக் காட்டில் இருக்கிறது. ஆனால் 1972-இன் வனவிலங்குச் சட்டம் பழந்தின்னி வௌவால்களைப் பொதுவாக எலியோடும் காகத்தோடும் தீங்குயிர்ப் பட்டியலில் வைத்திருந்தது. 2022-இல் திருத்தம் வந்து அந்தப் பட்டியலே போனது. இருண்டதெல்லாம் பேய் என்று சட்டத்திலேயே எழுதிவைத்து ஐம்பது வருஷம்! ஆஸ்துமாவுக்கு மருந்து என்று அதைச் சுட்டுத் தின்கிறவர்கள் இன்னும் உண்டு. அதில் மருந்து இல்லை; உரித்துக் கையாளும்போது நோய் வரும் வழி உண்டு.

அறங்காவலர் ஐயா அவர்களே, இனி உங்களுக்கு. திருப்பணி என்றதும் முதல் வேலையாக வௌவாலுக்குப் புகை போடுகிறார்கள். பகலில் ஓட்டையை அடைத்தால் உள்ளே இருப்பது அத்தனையும் சாகும். ராத்திரி அடைத்தால் தாய் வெளியே, குட்டி உள்ளே. பத்து நாளில் கருவறை வரை நாறும். அப்புறம் பரிகாரம்.

செய்யவேண்டிய முறை இது. அந்தி மயங்குவதற்கு முன் நாலு பக்கமும் ஆள் நின்று எந்த ஓட்டையில் எத்தனை வெளிவருகிறது என்று மூன்று மாலை எண்ணுங்கள். கட்டைவிரல் நுழையும் இடுக்கு போதும், அதுவும் வாசல்தான். எண்ணெய்க்கறை மாதிரிக் கருமை படிந்திருக்கும். டார்ச் வைத்து உள்ளே பாருங்கள். பறக்காத குட்டி தொங்கினால் அது பறக்கப் பழகும்வரை தள்ளிப்போடுங்கள். குடமுழுக்கு நாளைக் குறிப்பதற்கு முன்பே இதைப் பார்க்கவேண்டும் என்று கேட்பது இதனால்தான். குட்டி இல்லையென்றால், கண் ஆறு மில்லிமீட்டருக்கு மிகாத கெட்டி வலையை ஓட்டைக்கு மேலும் இரு பக்கமும் இறுக்கி, கீழே திறந்து, ஒரு முழத்துக்கு மேல் தொங்கவிடுங்கள். வெளியே வரும், திரும்ப ஏறத் தெரியாது. மீன்வலை கூடாது, சிறகு சிக்கும். கல்லில் ஆணி கூடவே கூடாது, மரச்சட்டம் வைத்து முட்டுக்கொடுங்கள். ஏழு இரவு; மழை இரவை எண்ணாதீர்கள், அன்று அது வெளியே வராது. எண்ணிக்கை சுழியமான பிறகே சுண்ணாம்புக் காரை.

எல்லா ஓட்டையையும் அடைக்கவும் வேண்டாம். கருவறை, அர்த்தமண்டபம் மட்டும் போதும். கோபுரத்தின் மேல்நிலைகளை விட்டுவிடுங்கள், அங்கே வெள்ளை விளக்கும் போடாதீர்கள். எச்சத்தை உலர்ந்தபடி பெருக்கினால் தூசி நுரையீரலுக்குப் போகும். தண்ணீர் தெளித்து, முகக்கவசம் போட்டு அள்ளினால் நந்தவனத்துக்கு உரம். கீழே விழுந்து கிடப்பதை வெறுங்கையால் தொடவேண்டாம், கடித்தால் பதினைந்து நிமிடம் சோப்புத் தண்ணீரில் கழுவிவிட்டு டாக்டர் அம்மாவிடம் போங்கள். வாவல் கடித்த பழத்தைத் தின்ன வேண்டாம். கால்நடை ஆய்வாளர் இதைப் பேச வந்திருக்கிறார், அவர் நேரத்தை நான் தின்றுவிட்டேன், மன்னிக்க வேண்டும்.

அண்ணாச்சி கையெழுத்துக்கு ஒரு மனு முன்மேசையில் இருக்கிறது. குடமுழுக்குக்கு முன் வௌவால் கணக்கு எடுக்கவேண்டும் என்பது மட்டும்தான் அதில் கோரிக்கை. மணி ஆறாகப் போகிறது. நன்றியுரைக்கு முன் எழுந்தால் தலைவர் கோபிக்கமாட்டார் என்று நம்புகிறேன். மேற்குப் பிராகாரத்தில் நில்லுங்கள். டார்ச் அடிக்கக் கூடாது, தம்பிமார்களே, செல்போன் வெளிச்சமும்தான். கோபுரத்தின் மூன்றாம் நிலையில், இடதுபக்கப் பொந்தைப் பார்த்துக்கொண்டே இருங்கள். முதலில் ஒன்று வரும். அது வந்ததும் எண்ண ஆரம்பியுங்கள்.